ஒரு பக்கம் கோணல்

மாஸ்டர் வீட்டில் இரண்டு கத்திரிகள் இருந்தன. ஒன்று சமையலறை ஜன்னலோரம் ஆணியில் தொங்கும். பால் பாக்கெட், மாத்திரை அட்டை, பார்சல் கயிறு, எது வந்தாலும் அதற்குத்தான் வேலை. மற்றது கறுப்புப் பிடி போட்ட கனத்த கத்திரி. எண்ணெய் தொட்ட துணியில் சுற்றி, அலமாரியின் மேல்தட்டில் படுத்திருக்கும். காலையில் மாஸ்டரோடு வேலைக்குப் போகும், மாலையில் அவரோடு திரும்பி வரும். அதைத் துணியைத் தவிர வேறு எதன்மேலும் வைக்கக் கூடாது. கல்யாணமான புதிதில் அவர் மனைவி தெரியாத்தனமாக அதை எடுத்து ஒரு காலண்டர் தாளை வெட்டிவிட்டார். மாஸ்டர் சத்தம் போடவில்லை. கத்திரியை வெளிச்சத்தில் திருப்பித் திருப்பிப் பார்த்தார். சாணை பிடிப்பவரிடம் கொண்டுபோனார். அது கூர்மையாகித் திரும்பும்வரை யாரோடும் முகம் கொடுத்துப் பேசவில்லை. அதற்குப் பிறகு அந்த அலமாரியின் மேல்தட்டைத் துடைப்பதுகூட அவர்தான்.

சீருடை தைக்கும் கம்பெனியில் அவர் கட்டிங் மாஸ்டர். துணியை நடுவில் மடிப்பார், சாக்பீஸால் கோடு போடுவார், ஒரே வெட்டு. விரித்தால் இடதும் வலதும் இரட்டைப் பிள்ளைகள் மாதிரி இருக்கும். ஒன்றின்மேல் ஒன்றை வைத்தால் ஒரு நூல் வெளியே எட்டிப் பார்க்காது. “மாஸ்டர் தூங்கும்போதுகூட நடுவுல மடிச்சுத்தான் படுப்பார்” என்று தையல்காரர்கள் கேலி செய்வார்கள். அவருக்கு அதில் உள்ளூர ஒரு பெருமைதான்.

அவர் மனைவிக்கு வேலை பஸ் நிலையத்தில், விசாரணை கவுண்டரில். கண்ணாடிக்குப் பின்னால் உட்கார்ந்து, இடது காதில் டெலிபோன், வாய்க்கு எதிரே மைக், கை நிறைய எழுத்து வேலை என்று மூன்றையும் ஒரே நேரத்தில் சமாளிப்பவர். எந்த வண்டி எங்கே நிற்கிறது என்று ஊருக்கே கேட்கும்படி சொல்வது அவர் குரல்தான். அதனால் ‘மைக்கம்மா’ என்று பெயராகிவிட்டது. மாஸ்டரைக்கூடத் தெருவில் ‘மைக்கம்மா வீட்டுக்காரர்’ என்றுதான் சொல்வார்கள்.

மைக்கம்மாவுக்கு உடம்பு சரியில்லாமல் போனது. மருத்துவமனையில் மருந்து ஏற்றினார்கள். நோய் அடங்கியது, கூடவே தலைமுடியும் போய்விட்டது. தோள்வரை வெட்டிவிட்ட அடர்த்தியான முடி, தலையணையிலும் குளியலறைச் சல்லடையிலுமாகக் கொட்டித் தீர்ந்தது. அவர் அழுது ஆர்ப்பாட்டம் செய்யவில்லை. தலையில் ஒரு துணியைக் கட்டிக்கொண்டு, வீட்டுக்குள் குரலைத் தாழ்த்திக்கொண்டார். மாஸ்டருக்கு அந்தத் தாழ்ந்த குரல்தான் பழகவே இல்லை.

இனி வேலைக்குப் போகலாம் என்று டாக்டர் சொன்னார். அலுவலகத்திலும் அந்த இடத்தை அதுவரை காலியாக வைத்திருந்தார்கள். ஆனால் மைக்கம்மா தலையில் கட்டிய துணியோடு கண்ணாடிக்குப் பின்னால் உட்காரத் தயாராக இல்லை.

“பஸ் எங்கன்னு கேக்க வர்றவங்க எல்லாரும் என் உடம்பு எப்படி இருக்குன்னு கேட்டா, பஸ் எப்போ கிளம்பறது?” என்றார். “விக் வெச்சுப் பாக்கறேன். பாக்கறவங்களுக்குத் தெரியாம இருந்தா போறேன். தெரிஞ்சா, வேலையை விட்டுடறேன்னு எழுதிக் கொடுத்துடறேன். அவ்வளவுதான்.”

வேலையை விட்டால் அந்தக் குரல் வீட்டுக்குள் இன்னும் எவ்வளவு தாழ்ந்துபோகும் என்று மாஸ்டருக்குத் தெரியும்.

விக்கை வாங்கி வந்தவள் மைக்கம்மாவின் தங்கை. அதே கட்டடத்தில் கீழ்வீட்டில் இருப்பவள். வாய்க்குப் பூட்டு கிடையாது. பெட்டியைத் திறந்ததும் அவளே சிரித்துவிட்டாள். முதுகு பாதிவரை தொங்கும் முடி, கண்ணை மறைக்கும் முன்கற்றை, பாலீஷ் போட்ட செருப்பு மாதிரி ஒரு பளபளப்பு.

“கடையில தொங்கும்போது நல்லாத்தான்க்கா இருந்துச்சு. உன் தலையில டோப்பான்னு எழுதி ஒட்டின மாதிரி இருக்கு.”

“அந்த வார்த்தையைச் சொல்லாத” என்றார் மைக்கம்மா.

“சரி, சொல்லலை. பார்லர்ல கொடுத்தா வெட்டித் தருவாங்களாம். தலையில வெச்சுத்தான் வெட்டணுமாம். போலாமா?”

“அங்க போய் நாலு பேர் முன்னாடி நான் துணியை அவுக்கணுமா? இந்த வீட்டை விட்டு வெளியே போகாம வெட்ட முடியும்னா வெட்டுங்க. இல்லைன்னா விடுங்க.”

இரண்டு பெண்களும் மாஸ்டரைப் பார்த்தார்கள்.

“நான் சட்டை வெட்டறவன்” என்றார் மாஸ்டர்.

“முடி என்ன மாமா, கை இல்லாத சட்டை” என்றாள் தங்கை.

மாட்டிக்கொண்டார். வேறு ஆளும் இல்லை, வேறு விக்கும் இல்லை. துணி என்றால் மடிப்பில் கொஞ்சம் உள்ளே விட்டு வெட்டலாம், தப்பினால் பிரித்துவிடலாம். இதில் உள்ளே விடவும் வழியில்லை, பிரிக்கவும் வழியில்லை. வெட்டியது வெட்டியதுதான்; முளைக்கவா போகிறது?

ஞாயிற்றுக்கிழமை காலையில் சாப்பாட்டு மேஜையைத் துடைத்துச் சுத்தம் செய்தார். டேப்பால் மனைவியின் தலையைச் சுற்றி அளந்தார். நெற்றியிலிருந்து பிடரிவரை, ஒரு காதிலிருந்து மறு காதுவரை. பிறகு ஒரு எவர்சில்வர் பாத்திரத்தைக் கவிழ்த்து, வெட்டுத்துணிகளைச் சுற்றி, அளவு சரியாக வரும்வரை குண்டூசியால் குத்திக் குத்தித் தலை செய்தார்.

“அக்கா தலை பாத்திரம்னு எனக்கு அப்பவே தெரியும்” என்றாள் தங்கை.

“உன் தலைக்குப் பாத்திரம் தேட வேண்டாம், மூடியே போதும்” என்றார் மைக்கம்மா. துணி கட்டிய நாளிலிருந்து அவர் இப்படி வாயடித்தது குறைவு. மாஸ்டர் சிரிப்பை மீசைக்குள் வைத்துக்கொண்டார்.

விக்கைப் பாத்திரத் தலையில் மாட்டிவிட்டு, முதலில் சமையலறைக் கத்திரியைத்தான் எடுத்தார். முடி அதன் வாய்க்குள் நிற்கவில்லை. வழுக்கி ஓடியது, மடங்கியது, வெட்டுப்பட்டதும் எலி கடித்த மாதிரி பிசிறியது. இரண்டு முறை முயன்றுவிட்டுக் கீழே வைத்தார். கொஞ்ச நேரம் அலமாரியைப் பார்த்துக்கொண்டு நின்றார். பிறகு போய் மேல்தட்டிலிருந்து துணிச்சுருளை எடுத்து வந்து பிரித்தார்.

மைக்கம்மா எழுந்தேவிட்டார். “என்னங்க, அது துணிக் கத்திரி.”

“தெரியும்.”

“இது முடி.”

“முடி எங்க? இதுவும் நைலான் மாதிரிதான். நைலான்னா நூல், நூல்னா துணி. உக்காரு நீ.”

செயற்கை இழை கத்திரியின் முனையைத் தின்றுவிடும் என்று அவருக்குத் தெரியாதா என்ன? சீருடைத் துணியில் நைலான் கலந்து வந்தாலே மேலாளரிடம் சண்டைக்குப் போகிறவர் அவர். மைக்கம்மா உட்கார்ந்துகொண்டார்.

மனைவியின் பழைய புகைப்படம் ஒன்றை எதிரே சாய்த்து வைத்துக்கொண்டு நீளத்தைப் பிடித்தார். தோள்வரை. சுற்றிலும் சாக்பீஸால் புள்ளி வைத்தார். நடுவகிட்டிலிருந்து இரண்டு பக்கமும் முடியை முன்னால் இழுத்து, ஒன்றோடொன்று சேர்த்து, துணியை மடிப்பதுபோல மடித்து வெட்டினார். முன்கற்றையைப் புருவத்துக்கு மேலே நிறுத்தினார்.

வெட்டியதும் இஸ்திரி போட்டால்தான் அவருக்கு வேலை முடிந்ததாகும். பெட்டியைச் சூடுபண்ணிவிட்டார். ஆனால் எந்தப் புதுத் துணியையும் முதலில் ஓரத்துண்டில் பார்த்துவிட்டுத்தான் தொடுவது வழக்கம். கீழே விழுந்த கற்றையில் பெட்டியின் முனையைத் தொட்டுப் பார்த்தார். புஸ்ஸென்று சுருண்டு, முடிச்சாகி, ஒரு நாற்றம் கிளம்பியது. தங்கை மூக்கைப் பொத்திக்கொண்டாள். பெட்டியை அணைத்துவிட்டு, ஒரு துணியை வெந்நீரில் நனைத்துப் பிழிந்து ஒற்றி ஒற்றி முடியைப் படிய வைத்தார். பளபளப்பு மட்டுப்பட, தங்கை தன் முகப் பவுடரைக் கொண்டுவந்து தட்டினாள்.

மைக்கம்மா விக்கைத் தலையில் வைத்துக்கொண்டு கண்ணாடி முன்னால் நின்றார். எப்போதும் முந்திக்கொள்ளும் தங்கை பவுடர் டப்பாவை மூடிக்கொண்டிருந்தாள்.

“சொல்லு” என்றார் மைக்கம்மா.

“நல்லாத்தான் இருக்கு” என்றாள் தங்கை. “ஆனா... துணிக்கடை வாசல்ல நிக்குமே பொம்மை...”

மாஸ்டரின் முகம் சுண்டிப்போனது. டேப்பை எடுத்து இடப்பக்கம் அளந்தார், வலப்பக்கம் அளந்தார். “ஒரு நூல் வித்தியாசம் இல்லையே” என்றார். “எங்க தப்பு, காட்டு.”

“தப்பு ஒண்ணும் இல்லைங்க” என்றார் மைக்கம்மா. குரல் மறுபடி தாழ்ந்துவிட்டது. “யாரோ மாதிரி இருக்கு. பரவாயில்ல, விடுங்க. நீங்க என்ன பண்ணுவீங்க.”

அந்த ‘விடுங்க’தான் அவரைக் குத்தியது.

அந்த நேரம் பார்த்து டெலிபோன் அடித்தது. பஸ் நிலைய மேலாளர். நாளைக்கு வருகிறாரா இல்லையா என்று தெரிய வேண்டுமாம். இல்லையென்றால் அந்த நாற்காலியில் வேறு ஆளை நிரந்தரமாகப் போட வேண்டியிருக்குமாம். மைக்கம்மா நின்றபடியே பேசினார். வழக்கம்போலத் தலையை இடது தோள் பக்கம் சாய்த்து, காதுக்கும் தோளுக்கும் நடுவே டெலிபோனை இடுக்கிக்கொண்டார். அதற்கு முன்னால் அவருடைய விரல் தானாகவே போய் இடப்பக்கத்து முடியை ஒதுக்கிக் காதுக்குப் பின்னால் செருகியது. முடி நிற்கவில்லை. சரிந்து விழுந்தது. மறுபடி செருகினார். மறுபடி விழுந்தது.

“சாயங்காலம் சொல்றேன் சார்” என்றார். “இல்ல சார், வரமாட்டேன்னு சொல்லலை. சாயங்காலம்...”

மாஸ்டர் அந்த விரலையே பார்த்துக்கொண்டிருந்தார். பிறகு மேஜைக்குப் போய்ப் புகைப்படத்தைக் கையில் எடுத்தார். அதுவரை நீளத்தைத்தான் பார்த்திருந்தார். இப்போதுதான் முகத்தைப் பார்த்தார். இடது காது முழுசாகத் தெரிந்தது. வலது காது தெரியவே இல்லை. வகிடு நடுவில் இல்லை. ஒரு பக்கம் ஒதுங்கி, அதுவும் நேராக இல்லாமல் ஓடியது. இடப்பக்கம் டெலிபோன் தேய்த்துத் தேய்த்து மெலிந்து குட்டையாக இருந்தது. வலப்பக்கம் கண்டபடி வளர்ந்து தோளில் கிடந்தது. இத்தனை காலமும் அந்த முகத்தைப் பார்த்தவருக்கு அதன் இரண்டு பக்கமும் ஒன்று இல்லை என்று தெரியாமல் போயிருந்தது. இல்லை, தெரிந்திருந்தது, கை ஒத்துக்கொள்ளவில்லை.

மைக்கம்மா டெலிபோனை வைத்துவிட்டு விக்கைக் கழற்றப் போனார்.

“கழட்டாத. அப்படியே உக்காரு.”

“எதுக்கு? இன்னும் குட்டையாக்கவா?”

“உக்காருன்னா உக்காரேன்.”

சீப்பின் நுனியால் வகிட்டை எடுத்துக் கொஞ்சம் தள்ளிப் போட்டார். நேராக இழுக்க வந்த கையை அடக்கிக்கொண்டு, நடுவில் லேசாக ஒரு நெளிவு விட்டார். டேப் கழுத்தில் தொங்கியது, அதைத் தொடவில்லை. இடப்பக்கத்தில் கத்திரியைப் படுக்கவைக்காமல், நட்டக்குத்தலாகப் பிடித்து, நுனிகளைக் கொத்திக் கொத்திக் குறைத்தார். ஒரு கற்றை குட்டை, பக்கத்துக் கற்றை அதைவிட நீளம். காதை ஒட்டின இடத்தில் அடியிலிருந்த முடியை ரொம்பவே மெலிதாக்கினார். ஒவ்வொரு வெட்டுக்கும் அவருடைய பல் கூசியது. சட்டையாக இருந்தால் அதை அப்போதே கழிவு மூட்டையில் போட்டிருப்பார்.

“மாமா, ஒரு பக்கம் ஏறுது” என்றாள் தங்கை.

“தெரியும்.”

“இல்ல, நிஜமாவே கோணலா...”

“நீ கொஞ்சம் கீழ போய் உன் வீட்டுல அடுப்பு எரியுதான்னு பாத்துட்டு வா.”

அவள் போகவில்லை. மாஸ்டர் புருவத்துக்கு மேலே நேர்கோடாக நின்ற முன்கற்றையையும் அங்கங்கே கொத்தி, ஒரு பக்கமாகச் சரித்துவிட்டார். வெந்நீர்த் துணியால் இடப்பக்கத்தைக் காதுக்குப் பின்னால் அழுத்திப் பிடித்துக்கொண்டே நின்றார். துணி ஆறும்வரை விடவில்லை.

“இப்போ போன் பேசு” என்றார்.

“யாருகிட்ட?”

“யாருகிட்டயாவது. சும்மா எடு.”

மைக்கம்மா டெலிபோனை எடுத்தார். விரல் தானாகப் போய் முடியை ஒதுக்கியது. முடி காதுக்குப் பின்னால் போய் அங்கேயே நின்றது. அவர் கண்ணாடிப் பக்கம் திரும்பினார். டெலிபோன் தோளில் இருந்தபடியே, தலை சாய்ந்தபடியே, கொஞ்ச நேரம் பார்த்தார்.

“ஐயோ, அக்கா வந்துட்டா” என்றாள் தங்கை. சொல்லிவிட்டு மூக்கை உறிஞ்சினாள்.

மைக்கம்மா மேலாளரின் எண்ணைச் சுழற்றினார். “சார், நாளைக்கு வர்றேன்” என்றார். பஸ் நிலையத்துக்குக் கேட்கிற குரலில்தான் சொன்னார்.

மறுநாள் மாஸ்டர் கம்பெனிக்குப் போகும் வழியில் சாணை பிடிப்பவரிடம் இறங்கினார். அவர் கத்திரியை விரலால் தடவிப் பார்த்துவிட்டு நிமிர்ந்தார்.

“என்ன மாஸ்டர், கம்பியை வெட்டினீங்களா?”

“ஒரு உருப்படி. அவசரம்.”

“முழுசா பழைய முனை வராது. சொல்லிட்டேன்.”

“வர்ற அளவுக்கு வரட்டும்” என்றார் மாஸ்டர். அன்றைக்கு முழுவதும் கம்பெனியின் பொதுக் கத்திரியால்தான் வெட்டினார். கை ஓடவில்லை. நினைப்பெல்லாம் கண்ணாடிக் கவுண்டரில் இருந்தது.

மாலையில் மைக்கம்மா வீட்டுக்கு வந்தபோது தங்கை மாடிப்படியிலேயே பிடித்துக்கொண்டு கூடவே ஏறி வந்தாள். மாஸ்டர் நாற்காலியைவிட்டு எழவில்லை. பேப்பரைத் தலைகீழாகப் பிடித்திருந்ததாகத் தங்கை இன்றைக்கும் சொல்கிறாள், அவர் இல்லையென்கிறார்.

“யாராவது கண்டுபிடிச்சாங்களா?” என்று கேட்டாள் தங்கை.

மைக்கம்மா செருப்பைக் கழற்றினார், பையை மாட்டினார், தண்ணீர் குடித்தார். மாஸ்டரைப் பார்த்தார்.

“பக்கத்து சீட்டுக்காரி வந்ததும் வராததுமா என்னைச் சுத்திச் சுத்திப் பாத்தா.”

மாஸ்டர் பேப்பரை இறக்கினார்.

“ ‘என்னக்கா, இவ்வளவு நாள் லீவு போட்டுட்டு இப்படியா முடி வெட்டிட்டு வருவ? ஒரு பக்கம் கோணலா இருக்கு. எந்தக் கடை அது? போய் நல்லா ரெண்டு வார்த்தை கேளு’ன்னா.”

தங்கை சுவரில் சாய்ந்துகொண்டு சிரித்தாள். மாஸ்டர் சிரிக்கவில்லை. ‘கோணல்’ என்ற சொல்லை எந்த வேலையிலும் தன்மேல் விழவிடாமல் காப்பாற்றி வந்தவர் அவர். இப்போது அது வீட்டு வாசல்படி ஏறி வந்து நின்றது. அவருக்கு அதை உட்காரச் சொல்ல வேண்டும்போல் இருந்தது.

“அதுக்கு நீ என்ன சொன்ன?” என்றார்.

“என்னத்தச் சொல்றது?” மைக்கம்மா இடப்பக்கத்து முடியை எடுத்துக் காதுக்குப் பின்னால் செருகினார். “வளர்ந்தா சரியாயிடும்னு சொன்னேன்.”