பொழுதுமறிச்சான் கல்

அந்தக் கல்லைக் கையில் வாங்கியவர்கள், திருப்பிக் கொடுத்ததும் கையை வேட்டியிலோ முந்தானையிலோ துடைத்துக்கொள்வார்கள். அதில் ஈரம் இருக்காது. ஆனாலும் துடைப்பார்கள். ஆட்டு ஈரலின் நிறம், ஈரலின் வழுவழுப்பு, எந்நேரமும் உடம்புச் சூடு. வெண்ணந்தூர்ப் பக்கத்தில் எங்கள் கிணற்றை ஆழப்படுத்தியபோது பாறைக்கு அடியில் கிடைத்தது. பொழுதுமறிச்சான் என்பார்கள். சேலம் ஜில்லா முழுக்கத் தேடினாலும் இரண்டோ மூன்றோதான் இருக்குமாம். கையில் இருக்கும்வரை ஒன்றும் செய்யாது; ஓரிடத்தில் வைத்துவிட்டால், சுற்றி ஒரு சாண் தூரத்துக்குள் எது இருந்தாலும் அதன் பொழுது நின்றுவிடும்.

எவ்வளவு பெரிய அதிசயம்! அதை வைத்து எங்கள் வீட்டில் கறியைக் கெடாமல் பார்த்துக்கொண்டார்கள். மாரியம்மன் நோம்பிக்கு அறுத்த கிடாயின் இரத்தம் பதினைந்து நாள் கழித்தும் சட்டியில் உறையாமல் மினுங்கும். கறிமேல் வந்து உட்கார்ந்த ஈ பறக்காது, சாகாது. அம்மா அதைத் தட்டிவிட்டுக் குழம்பு கூட்டுவாள். "இப்பத்தான் அறுத்தாப்பல இருக்குதே!" என்று பெரியப்பா எலும்பை உறிஞ்சுவார். அந்தச் சத்தம் கேட்டால் நான் இலையை விட்டு எழுந்துவிடுவேன்.

ஆயிரத்துத் தொள்ளாயிரத்து ஐம்பதுகளின் கடைசியில் எனக்குக் கல்யாணம் நிச்சயமானது. மாப்பிள்ளை ஆத்தூர்க்காரர், சூரமங்கலத்தில் ரயில்வே உத்தியோகம். முகூர்த்தத்துக்கு ஐந்து நாள் இருக்கும்போது அப்பா களத்தில் சுருண்டு விழுந்தார். ஒரு பக்கம் இழுத்துக்கொண்டது. சேலத்து டாக்டர் கண்ணை விரித்துப் பார்த்துவிட்டு, "வீட்டுக்குக் கூட்டிட்டுப் போயிடுங்க. நாளைக்குத் தாண்டாது" என்றார்.

சாவு விழுந்தால் தீட்டு. தீட்டில் கல்யாணம் நடக்காது. கல்யாணம் நின்ற பெண்ணுக்கு ராசியில்லாதவள் என்று பெயர் வந்துவிடும். அம்மாவுக்கு இன்னொரு பயமும் இருந்தது. தாலி அறுத்தவள் மகளுக்கு எண்ணெய் வைப்பது முதலான கல்யாணச் சீர் எதிலும் கை வைக்க முடியாது.

பெரியப்பா யாரிடமும் யோசனை கேட்கவில்லை. கட்டிலில் கிடத்தியதும் கல்லை அப்பாவின் நெஞ்சில் வைத்துத் துண்டால் இறுக்கிக் கட்டினார். "அஞ்சே நாளு, பொறுத்துக்கோ தம்பி."

நெஞ்சு அப்படியே நின்றது. உள்ளே போன மூச்சு வெளியே வரவில்லை. ஆனால் கண்ணும் உதடும் அந்த ஒரு சாணுக்கு அப்பால் இருந்தன. கண் உருண்டது. உதடு சத்தமில்லாமல் அசைந்தது. தண்ணி. தண்ணி. கரண்டியால் ஊற்றினேன். தொண்டைக்குழி வரை போன தண்ணீர் அதற்குமேல் இறங்காமல் அங்கேயே தேங்கி, வாய் நிரம்பித் தலையணையில் வழிந்தது. உதடு மறுபடியும் கேட்டது.

"அப்பாவுக்குத் தாகமா இருக்குதும்மா. கல்லை எடுத்தரலாம்."

"எடுத்தா உங்கப்பன் போயிருவாரு சாமி. உனக்கு எண்ணெய் வெக்கறது நானில்லையா? மூலையில நிக்கச் சொல்றியா என்னைய?"

அத்தை வெற்றிலையை மென்றபடி, "கல்யாணம் நின்ன புள்ளைய எவன் கட்டுவான், கழுதையா?" என்றாள்.

"உடு கண்ணு," என்றார் பெரியப்பா. "உனக்குச் சீரா இந்தக் கல்லையே குடுத்தர்றேன். புருசன் ஊட்டுல கெழவியே ஆவ மாட்டே."

சிரித்தார்கள். அந்த அறையிலேயே, அந்தக் கட்டிலைச் சுற்றி நின்று சிரித்தார்கள். அப்பாவின் கண் ஒவ்வொரு வாயாகப் பார்த்துக்கொண்டு வந்து கடைசியில் என்னிடம் நின்றது.

நான் மட்டும் யோக்கியமா? நாலு நாள் வாயை மூடிக்கொண்டு மஞ்சள் பூசிக் குளித்தேன், வளையல் அடுக்கினேன். அந்த மஞ்சள் வாடை இன்றைக்கும் எனக்குக் குமட்டும்.

முகூர்த்தத்தன்று காலையில், பந்தலுக்குப் போகுமுன் அப்பாவைக் கும்பிட்டு வரச் சொன்னார்கள். கூறைச்சேலையோடு காலில் விழுந்து எழுந்தேன். அவர் உதடு இப்போது தண்ணீர் கேட்கவில்லை. எடு சாமி. எடு.

முடிச்சை அவிழ்த்தேன். ஐந்து நாள் தேங்கிய மூச்சு நீளமாக வெளியே வந்தது. தொண்டைக்குழியில் நின்ற தண்ணீர் களக்கென்று உள்ளே இறங்கியது. அவ்வளவுதான் அப்பா.

புறக்கடை வழியாகப் போய், கல்லை அது வந்த கிணற்றிலேயே போட்டுவிட்டு வந்து சொன்னேன்: "அப்பா போயிட்டாரு. நாந்தான் எடுத்தேன்."

பெரியப்பா கேட்ட முதல் கேள்வி, "கல்லு எங்கே?"

அவர் அறைக்குள் எட்டிப் பார்த்தார். கதவைச் சாத்தினார். நெல் குதிரில் தொங்கிய பூட்டைக் கொண்டுவந்து பூட்டி, சாவியை இடுப்பில் செருகினார். பந்தலைப் பார்த்துத் திரும்பினார். "தம்பி தூங்கறாப்பல. மேளத்த அடிக்கச் சொல்லுங்க."

அம்மா என் முகத்தைப் பார்க்கவில்லை. தலையில் சரிந்திருந்த பூவை நேராக்கிக்கொண்டு எண்ணெய்க் கிண்ணத்தை எடுத்தாள். கல்யாணத்தைப் பிடித்து நிறுத்த யாராவது வருவார்கள் என்று நின்றேன். யாரும் வரவில்லை. தாலி ஏறியது.

மறுநாள் விடிந்த பிறகு பூட்டைத் திறந்து, "இப்பத்தான் போனாரு" என்றார்கள். அம்மா நெஞ்சில் அறைந்துகொண்டு அழுதாள். பொய்யழுகை இல்லை அது. அதுதான் எனக்குத் தாங்கவில்லை. ஒரு பூட்டு செய்து முடித்த காரியத்துக்காகவா அந்த மனுஷனை ஐந்து நாள் தாகத்தில் கட்டிப் போட்டிருந்தார்கள்?

சாயங்காலம், சுடுகாட்டிலிருந்து தலை ஈரத்தோடு திரும்பிய பெரியப்பா என்னைத் தனியாகக் கூப்பிட்டார். குரலில் அத்தனை குழைவு.

"கல்ல எங்க சாமி வெச்ச? பந்தியில மீந்த பாயசம் ஒரு அண்டா கெடக்குது. கெட்டுப் போவுது பாரு."

"கெட்டுப் போவட்டுங்க பெரியப்பா."

பந்தலின் ஓரத்தில் பாயசம் புளித்து, நுரைத்து, அண்டாவின் விளிம்பு தாண்டி வழிந்தது. ஈக்கள் மொய்த்தன, உட்கார்ந்தவை பறந்தன, விழுந்தவை செத்தன. எல்லாரும் மூக்கைப் பொத்திக்கொண்டு விலகிப் போனார்கள். நான் பக்கத்தில் போய் உட்கார்ந்தேன். அந்த வீட்டில் அந்த ஒரு நாற்றம்தான் எனக்குக் குமட்டவில்லை.