அப்பாவின் இருமல்

டிவியில் பழைய மலையாளப் படம். அப்பாவின் இருமல் கேட்டதும் பழக்கதோஷத்தில் எழுந்துவிட்டேன்.

குணச்சித்திர நடிகரான அப்பாவுக்குக் கிடைத்ததெல்லாம் நோயாளி வேஷம்தான். இருமினால் அடுத்து சாவு. கரமனையிலிருந்து பஸ் பிடித்துப் படம் பார்க்கப் போவோம். திரையில் அவர் முதல் தடவை இருமியதுமே அம்மா என் கையைப் பிடித்து வெளியே இழுத்து வந்துவிடுவாள். வறுத்த கடலை வாசனையில் நிற்போம். அவள் விரல் நெற்றிக் குங்குமத்தைத் தொட்டுத் தொட்டுப் பார்க்கும்.

"ஒரு படமாவது முழுசா பாரேன்" என்பார் அப்பா, வீட்டில்.

"நீங்க சாகறதை நான் பார்க்கணுமாக்கும்?"

இருவரும் போய்ச் சேர்ந்துவிட்டார்கள். இன்று மறுபடி உட்கார்ந்து கடைசிவரை பார்த்தேன். இந்தப் படத்தில் அப்பா பிழைத்துக்கொண்டார். மகள் கல்யாணப் பந்தலில் சிரித்துக்கொண்டு நின்றார்.

அந்நேரம் நாங்கள் வெளியே கடலை தின்றுகொண்டிருந்திருப்போம்.