சித்தப்பாவுக்கு ஒரு சட்டை

புதுக்கோட்டை பஸ் ஸ்டாண்டுக்குப் பின்னாடி ஒரு பிளக்ஸ் கடையில நான் டிசைனரு. பேரு பெருசா இருக்குன்னு பயந்துராதீங்க. படிப்பு பாதியிலயே நின்னு போச்சு, மவுசு மட்டும் கையில நல்லா ஓடும், அவ்வளவுதான். ஜில்லாவுல காது குத்து, கல்யாணம், கெடா வெட்டு, சாவு, எது நடந்தாலும் மூஞ்சிய வெட்டி ஒட்டுறது நாந்தான். அன்னவாசல் பக்கம் ஒரு மாப்பிள்ளைக்கு அவன் கூட்டாளிங்க "சிங்கம் சிக்கிருச்சு"ன்னு போடச் சொன்னானுக. நான் சும்மா இருக்க மாட்டாம, அதுக்குக் கீழ பொடி எழுத்துல "ஜாமீன் கெடையாது"ன்னு சேத்து விட்டேன். மண்டபத்து வாசல்ல அதப் பாத்துட்டு பொண்ணோட தாய்மாமன் நேரா கடைக்கே வந்துட்டாரு. ஓனர் என்னைய மெஷினுக்குப் பின்னாடி ஒளிச்சு வச்சுட்டு, "பையன் லீவுங்க"ன்னு சமாளிச்சாரு.

வாய் அடங்காது எனக்கு. ஆனா போன வருசம் நடந்தத நெனச்சா மட்டும் கிண்டல் வர மாட்டேங்குது, காதெல்லாம் சூடாகுது.

நான் கேம்ப்ல பொறந்தவன். இலங்கையில சண்டை நடந்தப்ப படகேறி வந்த சனத்துக்கு இந்த ஜில்லாவுல கட்டிக் குடுத்த கேம்ப். அப்பா மீசை அரும்புற வயசுல வந்தவரு, இன்னும் அந்த ஊர்த் தமிழ விடல. "எங்கயடா போட்டு வாறாய்?"னு அவரு கேப்பாரு. "இங்கிட்டுத்தாம்ப்பா"ன்னு நான் சொல்லுவேன். ஒரே வீட்டுக்குள்ள ரெண்டு ஊரு.

வருசத்துக்கு ஒரு தடவ கேம்ப் மண்டபத்து முன்னாடி ஒரு பிளக்ஸ் கட்டுவோம். சண்டையில செத்துப் போன எங்க சனத்தோட போட்டோவ எல்லாம் வரிசையா வச்சு. ஷெல் விழுந்து செத்தவங்க, படகு கவுந்து செத்தவங்க, காணாமப் போயி திரும்பாதவங்க. கொடி கெடையாது, கோஷம் கெடையாது, போலீசுக்குச் சொல்லிட்டுத்தான் வைப்போம். சாயங்காலம் அந்தந்த வீட்டு ஆளுங்க அவங்கவங்க போட்டோவுக்குக் கீழ ஒரு அகல் வெளக்கு வைப்பாங்க. டிசைன் பண்றது நாந்தான். ஆனா எங்க வீட்டுக்கு அதுல ஒரு போட்டோகூட கெடையாது. எல்லாரும் வெளக்கு வைக்கிறப்ப அப்பா பின்னாடி போயி மண்டபத்துத் தூணுகிட்ட நின்னுக்குவாரு.

"என்னப்பா, நம்ம குடும்பத்துல சாவுறதுக்குக்கூட ஒரு ஆளு இல்லையா?"ன்னு கேட்டிருக்கேன். திட்டவும் மாட்டாரு, சிரிக்கவும் மாட்டாரு.

போன வருசம் பிளக்ஸ் வேலைய ஆரம்பிச்சிருந்தேன். அப்பா ஒரு பாலிதீன் கவரக் கொண்டாந்து எங்கிட்ட நீட்டுனாரு. "இதையும் போட ஏலுமோ?"ன்னாரு. உள்ள ஒரு போட்டோ. ஓரமெல்லாம் பூச்சி தின்னுருக்கு. நடுவுல ஒரு பையன். மீசை இருக்கா இல்லையான்னு சந்தேகமா ஒரு கோடு. ஒடம்புல பச்சையும் காக்கியும் கலந்த பட்டாளத்துச் சட்ட. அந்தக் காலருக்குள்ள அவன் கழுத்து மாதிரி இன்னொண்ணு போகும். தோள்ல துப்பாக்கி வாரு.

"செம கெத்தா இருக்காப்ல. யாருப்பா?"ன்னேன்.

அப்பா மொதல்ல போயி கதவச் சாத்துனாரு. "என்ட தம்பி. உனக்குச் சித்தப்பா."

எனக்கு ஒரு சித்தப்பா இருந்தாருங்குறதே அன்னைக்குத்தான் தெரியும்.

அப்பா சொன்னத நான் என் தமிழ்ல சொல்றேன். அங்க ஒரு பக்கம் தனி நாடு கேட்டுச் சண்டை போட்ட இயக்கம். அத அடக்குறதுக்குன்னு வெளிய இருந்து ஒரு ஆர்மி வந்து ஊரப் பிடிச்சு வச்சிருந்துச்சு. எந்த நாட்டு ஆர்மின்னு எங்கிட்ட கேக்காதீங்க, நான் இந்த நாட்டு ரேஷன் அரிசி திங்கிற ஆளு. அந்த ஆர்மியோட ஒட்டிக்கிட்டு, இயக்கத்துக்கு ஆகாத எங்க ஆளுங்க குழு ஒண்ணு திரிஞ்சுச்சு. ஆர்மி தன் நாட்டுக்குக் கெளம்புற நேரம் நெருங்குனதும், தனக்குப் பதிலா நின்னு சண்டை போட ஒரு படை தேவைப்பட்டுச்சு. குழுக்காரங்க ரோட்டுல போற வர்ற பயலுகளப் பிடிச்சு லாரியில ஏத்த ஆரம்பிச்சாங்க. டியூசன் விட்டு வந்த அப்பாவும் சித்தப்பாவும் லாரியப் பாத்துட்டாங்க. அப்பா செவுரேறிக் குதிச்சுட்டாரு. சித்தப்பா சைக்கிள் பூட்டத் தெறந்துக்கிட்டு நின்னாராம். அடுத்த வீட்டுக்காரரோட சைக்கிள், விட்டுட்டு வந்தா அவரு ஏசுவாருன்னு. சைக்கிளோடயே தூக்கிட்டாங்க.

கொஞ்ச நாளு ஓடப் பழக்கி, சுடப் பழக்கி, சட்டையக் குடுத்து ஒரு போட்டோவும் எடுத்து வீட்டுக்கு அனுப்பியிருக்காங்க. அப்புறம் அந்த ஆர்மி கப்பலேறிப் போயிருச்சு. இவனுகள அப்படியே நடு ரோட்டுல விட்டுட்டு. இயக்கம் வந்து வளைச்சுச்சு. துரோகிக்கு என்ன கெடைக்குமோ அது கெடச்சுச்சு. பொணம்கூட வரல. அழுதா சத்தம் வெளிய கேக்கும்னு வீட்டுக்குள்ள யாரும் அழுவல. அப்பா அவங்க அம்மாவக் கூட்டிக்கிட்டுப் படகேறிட்டாரு.

"இவ்வளவு காலமும் ஏன்ப்பா சொல்லல?"

"சொன்னா உன்னைத் துரோகி வீட்டுப் பிள்ளை எண்டு விளையாடக் கூப்பிட மாட்டாங்கள்."

கேம்ப் தலைவரு கேட்டுக்குப் பக்கத்துல டீக்கடை வச்சிருக்காரு. நான் மாமான்னு கூப்புடுவேன். என்ன போட்டோ வரும், வராதுன்னு சொல்றவரு அவருதான். நேரா போயி போட்டோவ டீ டேபிள்ல வச்சேன்.

"மாமா, எங்க சித்தப்பா. இந்த வருசம் நம்ம பிளக்ஸ்ல மேல் வரிசையில வாராரு."

அவரு கண்ணாடியப் போட்டுப் பாத்தாரு. பாத்த வேகத்துல கவுத்து வச்சுட்டாரு. "இது ஏலாது தம்பி."

"ஏன் மாமா? இவரு சாவல, தூங்கிட்டாருன்னு நெனைக்கிறீங்களா?"

"பகிடி விடாத. துவக்கோட படம் வச்சா நாளைக்கு ஸ்டேசன்ல கைகட்டி நிக்கிறது நான்."

"துப்பாக்கிய யாரு குடுத்தாங்கன்னு விசாரிச்சுக்கிட்டே போனா, விசாரிக்கிறவங்களுக்குத்தான் மாமா சங்கடம்."

"வாயைப் பொத்தடா!" டம்ளரெல்லாம் ஆடுற மாதிரி டேபிள்ல ஒரு அடி. டீ குடிச்சுக்கிட்டு இருந்தவங்க எல்லாம் திரும்பிப் பாத்தாங்க. அவரு சத்தத்தக் கொறச்சுக்கிட்டாரு. "என்ட அண்ணனை வாசல்ல வச்சு இழுத்துக்கொண்டு போனவங்கள் இந்தச் சட்டைதான் போட்டிருந்தவங்கள். இயக்கத்துக்குச் சோறு குடுத்தவனாம். ரெண்டு வீதி தள்ளிச் சுட்டுப் போட்டிருந்தவங்கள். அண்ணன்ட படத்துக்குப் பக்கத்தில நீ இந்தச் சட்டையைக் கொண்டு வந்து வைக்கப் போறியோ?"

  போட்டோவ எடுத்துக் கவருக்குள்ள வச்சேன். கோவம் போயிருச்சுன்னு நெனைக்காதீங்க. அது யாரு மேல பாயிறதுன்னு தெரியாம உள்ளயே சுத்துச்சு.

கெளம்புறப்ப அவரே கூப்புட்டாரு. "முகத்தை மட்டும் வை. சட்டையை மாத்து. வெள்ளைச் சட்டை ஒண்டு போட்டு விடு. நான் ஒண்டும் சொல்ல மாட்டன்."

சட்டைய மாத்துறது எங்க கடையில பெரிய வேலையே இல்ல. கம்ப்யூட்டர்ல ஒரு ஃபோல்டர் இருக்கு, உள்ள எல்லாம் தலையில்லாத ஒடம்பு. அதுல ஒரு வெள்ளைச் சட்ட ரொம்ப பேமஸு. பனியனோட போட்டோ எடுத்த தாத்தா, லுங்கியோட நின்ன டிரைவரு, எல்லாருக்கும் கண்ணீர் அஞ்சலிக்கு அதத்தான் மாட்டி விடுவோம். இந்த ஜில்லாவுல பாதிப் பேரு ஒரே சட்டையிலதான் மேல போயிருக்காங்க.

அதே சட்டைக்குள்ள சித்தப்பாவயும் எறக்குனேன். துப்பாக்கி வார அழிச்சேன், பச்சைக் காலர அழிச்சேன். அழிக்க அழிக்க எனக்குப் பத்திக்கிட்டு வந்துச்சு. இந்தச் சட்டைய அழிச்சா யாருக்கு லாபம்? இதப் போட்டு விட்டவனுக்குத்தான். பிடிச்சவன் தப்பிச்சான், பழக்குனவன் தப்பிச்சான், கப்பலேறுனவன் தப்பிச்சான். கடைசியில ஆதாரத்தையும் நானே மவுச வச்சுத் தொடச்சுக் குடுக்கணுமா?

அந்த வாரந்தான் மத்தியானச் சோறு திங்கிறப்ப யூடியூப்ல ஒரு வீடியோ வந்துச்சு. ரெண்டாம் உலகப் போரு. ரஷ்யாவுக்குள்ள பூந்த ஜெர்மன்காரன், பிடிபட்ட ரஷ்ய சிப்பாய்ங்கள முள்வேலிக்குள்ள அடைச்சுப் பட்டினி போட்டிருக்கான். அப்புறம் அவனுகளுக்கே தன் சட்டைய மாட்டி, சொந்த ஊருக்காரனுக்கு எதிராவே நிக்க வச்சிருக்கான். சில பேரு அங்கிருந்த ஆட்சி மேல இருந்த வெறுப்புல தானா போயிருக்கானுக. சில பேரு உசுரு பொழச்சாப் போதும்னு போயிருக்கானுக. சண்டை முடிஞ்சதும் மொத்தமா பிடிச்சு ரஷ்யாகிட்டயே குடுத்துட்டாங்களாம். தலைவனுகளுக்குத் தூக்கு, மத்தவனுக்கு லேபர் கேம்ப். கீழ கமெண்ட்ல நம்ம பய ஒருத்தன், "துரோகிக்கு இதுதான் சரி"ன்னு போட்டு ஒரு சிரிக்கிற பொம்மையும் வச்சிருந்தான். "உன்னைய ஒரு வாரம் பட்டினி போட்டு, பக்கத்துல பிரியாணியும் துப்பாக்கியும் வச்சுப் பாப்போமா மாப்ள"ன்னு அடிச்சு விட்டேன். அதுக்கு மேல சோறு எறங்கல.

பிரிண்ட் போடுற அன்னைக்கு ஓனர் வெளிய போயிருந்தாரு. பிளக்ஸ் ஸ்கிரீன்ல ரெடியா நிக்குது. போட்டோஷாப்ல ஒரு படத்து மேல இன்னொரு படம் கண்ணாடி மாதிரி கெடக்கும். மேல இருக்குறத ஒரே அமுக்குல மறைச்சுரலாம். மறைச்சேன். வெள்ளைச் சட்ட போயிருச்சு, அடியில பழைய போட்டோ அப்படியே. பச்சைச் சட்ட, துப்பாக்கி வாரு, பயந்த மூஞ்சி. தலைவரோட அண்ணன் பக்கத்துல. கட்டுனதுக்கப்புறம் கிழிக்கிறவன் கிழிக்கட்டும், போலீசு வந்தா வரட்டும். பிரிண்ட் குடுக்கப் போறேன், அப்பா போன் பண்றாரு.

"டேய், காலர் நேரா இருக்கோ எண்டு ஒருக்காப் பார்."

"எந்தக் காலருப்பா?"

"வெள்ளைச் சட்டையில. அவன் காலரை நல்லா அயன் பண்ணித்தான் போடுவான். மடிஞ்சிருந்தாப் பள்ளிக்கூடத்துக்கே போக மாட்டான்."  அப்புறம், "பிடிச்ச அண்டைக்கும் அந்தப் பள்ளிக்கூடச் சட்டையோடதான் நிண்டவன். வெள்ளை எண்டு தலைவர் சொன்னதும் எனக்குச் சந்தோசமாப் போச்சுது"ன்னாரு.

சந்தோசமாம். எனக்குக் கண்ணு எரிஞ்சுச்சு. இத்தன வருசமா தூணுக்குப் பின்னாடி நின்ன மனுசனுக்கு, தலைவரு போட்ட பிச்சையே சந்தோசமா இருக்குன்னா, நான் யாருக்காக வீரம் காட்டிக்கிட்டு இருக்கேன்?

"சரியா இருக்குப்பா. நான் பாத்துக்கிறேன்"னு வச்சுட்டேன்.

பச்சையும் வேணாம், அந்த எழவு வீட்டு வெள்ளையும் வேணாம். ஒரு ஸ்கூல் ஆண்டு விழாவுக்குப் போட்ட பழைய பைலத் தெறந்து, சித்தப்பா வயசுல ஒரு பையனோட வெள்ளை யூனிபார்ம் சட்டைய எடுத்தேன். பட்டன் கழுத்து வரைக்கும், பையில பேனா. பேட்ஜ அழிச்சேன், காலர ரெண்டு பக்கமும் நிமித்தி விட்டேன். இந்தத் தடவ கழுத்து சரியா உக்காந்துச்சு. பிரிண்ட் குடுத்தேன்.

சாயங்காலம் கேம்ப்ல கட்டுனோம். எல்லாரும் வெளக்கோட வந்தாங்க. அப்பா தூணுகிட்ட போகல. துவைச்சு எடுத்த சட்டையப் போட்டுக்கிட்டு வந்து சித்தப்பாவுக்கு நேரா நின்னாரு. பக்கத்துலயே தலைவரு, அவரு அண்ணன் போட்டோவுக்கு வெளக்கு வைக்க வந்தவரு. பக்கத்துப் போட்டோவப் பாத்துட்டு ரொம்ப நேரம் கண்ண எடுக்கல.

"பள்ளிக்கூடப் பெடியனோ?"

"ஓம். ஓ லெவல் பரீட்சை எடுக்க இருந்தவன்"னாரு அப்பா.

தலைவரு தன் வெளக்கக் கீழ வச்சாரு. "அண்ணனைக் கொண்டு போகேக்கயும் இப்படி ஒருத்தன் பின்னால நிண்டவன். துவக்கைப் பிடிக்கத் தெரியாமப் பிடிச்சுக்கொண்டு. அழுதுகொண்டு நிண்டவன்." திரும்பி அப்பாவ நேரா பாத்தாரு. "அதுக்காக என்னால மன்னிக்க ஏலாது."

"மன்னிக்கச் சொல்லி நான் கேக்கேல்ல அண்ணை. விளக்கை வைக்க விட்டாப் போதும்."

 தலைவரு கொஞ்சம் ஒதுங்கி எடம் விட்டாரு. அப்பா குனிஞ்சு வெளக்க வச்சாரு. காத்துல ரெண்டு தடவ அணைஞ்சு மூணாவது தடவதான் பிடிச்சுச்சு. "என்ட தம்பி"ன்னு சுத்தி நின்னவங்ககிட்ட சத்தமாச் சொன்னாரு. யாரும் கேக்காமலேயே.

எல்லாரும் என் முதுகுல தட்டி, நல்லா பண்ணிருக்கடான்னாங்க. எனக்கு மனசு குளிரல. அங்க நின்ன ரெண்டு பேருக்கும் ஆளுக்கு ஒரு சாவுக் கணக்கு பாக்கி, ஒருத்தர ஒருத்தர் பாத்துப் பேசவே இத்தன வருசம் ஆயிருக்கு. அந்தப் பயலுகள நிறுத்தி வச்சுட்டுக் கப்பலேறிப் போனாங்களே ஆர்மிக்காரங்க, அவங்க வீட்டு ஹால்லயும் போட்டோ தொங்கும். மெடலு, தொப்பி, மடிப்புக் கலையாத யூனிபார்மு. அந்தச் சட்டைய மாத்தச் சொல்லி யாரும் அவங்க வீட்டுக் கதவத் தட்ட மாட்டாங்க.