புகை போட்ட பன்னிரண்டு ஷீட்

பேச்சிப்பாறைப் பக்கம், முன்பு ரப்பர் ஷீட் அடித்துக்கொண்டிருந்த பழைய புரை, ஓட்டுக் கொட்டகை ஒன்றுதான் என் ஸ்டூடியோ. காலையில் வரைவேன், மதியம் ஒலிப்பதிவு, சாயங்காலம் சிமெண்ட் தரையில் ஆட்டம். "இதில ஒனக்கு எதாக்கும் சோலி?" என்று பக்கத்து ரப்பர் தோட்டத்தில் மரம் கீறிப் பால் வெட்டும் அக்கா அடிக்கடி கேட்பார். எல்லாமேதான் என்பேன். ஒன்றில் நிற்கத் தெரியாதவள் என்று பேசியவர்களுக்கும் வேலையைக் காட்டித்தான் பதில் சொல்லியிருக்கிறேன்.

அந்த முறை கொச்சியில் கண்காட்சி. ரப்பர் பாலை உறையவைத்து அழுத்தி, ஈரம் காயுமுன் ஆணியால் கோடு கீறிப் பன்னிரண்டு ஷீட் செய்திருந்தேன். வெள்ளைச் சுவரில் வெள்ளை ஷீட். பின்னணியில் பால்வெட்டுக் கத்தியின் சத்தம். அப்படித்தான் திட்டம். கொடியில் காயப்போட்டுவிட்டு நாலு நாள் நாகர்கோவில் போனேன். திரும்பி வந்தால் கொடி காலி.

"மழெ சாஞ்சு அடிச்சு மக்கா. ஈரத்தில பூசணம் மாதிரி பூப்பல் பிடிச்சிரும்னு நம்ம புகைப்புரையில கேத்திப் போட்டேன்," என்றார் அக்கா.

ரப்பர் ஷீட்டைப் புகையில் உலர்த்துவதுதான் வழக்கம்; பால் வெட்டுகிறவர்கள் யாராயிருந்தாலும் அதைத்தான் செய்திருப்பார்கள். ஆனால் என் வெள்ளையெல்லாம் கருப்பட்டி நிறமாகியிருந்தது. கோடு ஒன்றும் தெரியவில்லை. மறுநாள் ஏற்றிப்போக வண்டி வருகிறது.

"யாருட்ட கேட்டு எடுத்திய?" என்று கத்திவிட்டேன்.

அக்கா ஒரு ஷீட்டை எடுத்து, ரப்பர் கடையில் தரம் பார்க்கிற மாதிரி வெயிலுக்கு நேரே பிடித்தார். "நல்லா பாரு. கோடு எங்கயும் போவல்ல."

அத்தனை கோடும் தேன் நிறத்தில் எழுந்து நின்றது. கத்தியதற்கு வெட்கமாக இருந்தது. அதைவிடச் சந்தோஷம் பெரிதாக இருந்தது. உடனே கொச்சிக்குப் போன் செய்து, சுவர் வேண்டாம், ஜன்னல்தான் வேண்டும் என்றேன். கெஞ்சவில்லை, சொன்னேன்.

அதற்குள் அக்கா பன்னிரண்டையும் ஒவ்வொன்றாக வெளிச்சத்தில் பிடித்துப் பார்த்துவிட்டு, ஒன்றை மட்டும் தனியே வைத்தார். கண்காட்சி வாசலில் தொங்கவிட நான் நினைத்திருந்தது அது. என் சிறந்த கோடுகள் அதில்தான் இருந்தன.

"இத அனுப்பாத மக்கா. குமிழு கெடக்கு. நொரைய வழிக்காம ஒறைய விட்டிருக்க."

உண்மைதான். கடைசியாக ஊற்றியது, அவசரம். கோடு காப்பாற்றிவிடும் என்று நினைத்திருந்தேன். கொச்சியில் ஒருவரும் கண்டுபிடித்திருக்க மாட்டார்கள். மறுநாள் வண்டியில் பதினொன்றைத்தான் ஏற்றினேன்.