வாசலைப் பார்த்து அடித்த மணி

எங்கள் மரம் அறுக்கும் மில்லில் மணிக்காரன் என்றால் அவன் ஒருவன்தான். அவன் அடித்த வெண்கல மணிக்கு நாங்கள் வைத்த பெயர் நிறுத்தி. அதன் ரீங்காரம் எவன் காதில் விழுகிறதோ அவனுக்கு நேரம் நின்றுபோகும். மூச்சு, ரத்தம், இமை எல்லாம் இருந்த இடத்தில் இருக்கும். சத்தம் ஓய்ந்தால்தான் மறுபடி ஓடும். ரம்பத்தில் கையைக் கொடுத்தவன் டாக்டர் வரும்வரை தாங்கட்டும் என்று முதலாளி வாங்கிப்போட்டது.

எவனாவது அடிபட்டால் மணிக்காரன் மெயினை அணைப்பான், காதில் மெழுகை அடைப்பான், வாசலைப் பார்த்து நின்று அடிப்பான். காவலாளி காதைப் பொத்திக்கொண்டு டாக்டரைக் கூப்பிட ஓடுவான். டாக்டர் காதில் பஞ்சை அடைத்துக்கொண்டு வந்து தோளைத் தொடும்வரை மணிக்காரன் திரும்பக் கூடாது. ரத்தத்தைப் பார்த்தால் கை நடுங்கும், அடி தப்பும் என்பதற்காக வைத்த சட்டம். நாங்கள் கொட்டாவி விட்ட வாயோடு அப்படியே நிற்போம், அவன் மட்டும் வேர்த்து அடித்துக்கொண்டிருப்பான்.

"நீங்க நின்னு நின்னு இளமையா இருங்கடா. எனக்குத்தான் மண்டை நரைக்குது" என்பான்.

பெரிய ரம்பத்தில் நின்றவன் அவன் தங்கை புருஷன். வேலை வாங்கிக் கொடுத்ததே இவன்தான். அந்த ரம்பத்தின் கிட்டே வருஷக்கணக்கில் நின்றால் காது போய்விடும். காது போனவனுக்கு நிறுத்தி உதவாது, அதனால் மில்லில் இடமும் கிடையாது. அதற்குப் பயந்து காது மந்தமானவர்கள் வாயசைவைப் பார்த்தே சமாளிப்பார்கள். மணி அடிக்கும்போது மற்றவர்களைப் பார்த்து அவர்களும் அசையாமல் நிற்பார்கள். முதுகைக் காட்டி நிற்கிற மணிக்காரனுக்கு எப்படித் தெரியும்? தங்கை புருஷனும் அந்த ரகம் என்பது அவன் பெண்டாட்டிக்கு மட்டும் தெரியும்.

ஒருநாள் ரம்பத்தின் பல் தெறித்து அவன் தொடையைக் கிழித்தது. நான் பக்கத்தில்தான் இருந்தேன். தோளில் கிடந்த துண்டை உருவிக்கொண்டு ஓடினேன். கட்டுவதற்குள் மணிச் சத்தம் காதில் விழுந்தது.

எனக்கு அது ஒரு கண் சிமிட்டல். சிமிட்டி முடித்தால் அவன் என் எதிரில் இல்லை. ரம்பத்திலிருந்து மணிமேடைவரை தரையெல்லாம் சிவப்பாக இழுபட்டிருந்தது. அத்தனை தூரம் தவழ்ந்திருக்கிறான். கூப்பிட்டும் இருப்பான், வாய் திறந்தே கிடந்தது. கட்டுப்போடத் தெரிந்த நாங்கள் அத்தனை பேரும் மரமாக நின்றிருக்கிறோம். கேட்டிருக்க வேண்டியவன் காதில் மெழுகு. மணிக்காரனின் குதிகாலுக்கு ஒரு சாண் தள்ளி அந்தக் கை விழுந்து கிடந்தது. டாக்டர் குனிந்து பார்த்துவிட்டு எழுந்துகொண்டார்.

வீட்டில் தங்கை சுவரில் சாய்ந்து உட்கார்ந்திருந்தாள்.

"அவருக்குக் கேக்காதுண்ணே. ரொம்ப நாளாவே."

"எங்கிட்டயாவது சொல்லியிருக்கலாமே புள்ள."

"சொன்னா நீ விட்டு வெச்சிருப்பியா? மொத ஆளா வெளிய தள்ளியிருப்ப."

அவள் சொன்னது சரி.

காரியமெல்லாம் முடிந்து வேலைக்கு வந்தவன் எங்களை வரிசையாக நிற்கச் சொன்னான். வாசலுக்கு முதுகைக் காட்டி, எங்களைப் பார்த்து நின்றுகொண்டு அடித்தான். கண் சிமிட்டி முடித்தபோது மூன்று பேர் முன்னால் நின்று விரலை நீட்டிக்கொண்டிருந்தான். அதில் இழைப்பு மெஷின்காரன் எகிறினான்.

"நான் எங்கய்யா அசைஞ்சேன்? கல்லு மாதிரி நின்னேன்!"

"கல்லுக்கு வேர்க்காதுய்யா. உன் மூக்கு நுனில வேர்வ எறங்குச்சு."

"உன் தங்கச்சி வீட்டு விளக்கு அணைஞ்சுதுன்னு எங்க அடுப்பையும் அணைக்கிறியா? நல்லா இருப்பியா நீ? எனக்கு ரெண்டு பொட்டப் புள்ளைங்கய்யா!"

"தெரியும். கெளம்பு."

மேஸ்திரிகூட, "இழைப்புக்கு வேற ஆள் இல்லப்பா, அவன மட்டும் விட்டுரு" என்று கெஞ்சிப் பார்த்தார். "அப்ப நீயே மணி அடி" என்று சுத்தியலை அவர் கையில் திணித்தான். மேஸ்திரி அதைக் கீழே வைத்துவிட்டார். மூன்று பேரும் அன்றே வெளியே போனார்கள். நாங்களும் வாயை மூடிக்கொண்டு நின்றோம், எங்கள் காது எங்களுக்கு.

மறுநாள் அந்த மூன்று பேர் வீட்டுப் பெண்கள் அவன் கதவில் சேற்றை வாரி அடித்தார்கள். அவன் உள்ளேதான் இருந்தான். தங்கை இப்போது அவனோடுதான் இருக்கிறாள். சோறு போடுவாள், பேச்சுக் கிடையாது.

நேற்று இழைப்பு மெஷின்காரனைச் சந்தையில் பார்த்தேன். மூட்டை தூக்குகிறான், தோள் பிய்ந்து கிடக்கிறது.

"அந்த மணிக்காரப் பய செத்தானா?" என்றான்.

இல்லை என்றேன். என் உதட்டையே உற்றுப் பார்த்தான்.

"இன்னுமா?" என்று காறித் துப்பிவிட்டு, அடுத்த மூட்டைக்குக் குனிந்தான்.