அண்ணன் போட்ட அப்பீல்

என் அண்ணனுக்குச் சட்டத்தில் தெரிந்த ஒரே சொல் அப்பீல். தங்கை எங்கள் இருவர் மீதும் தாம்பரம் கோர்ட்டில் பாகப்பிரிவினை வழக்குப் போட்ட நாளிலிருந்து அதைப் பாக்குப்போல மென்றுகொண்டிருந்தார்.

பம்மலில் அப்பா விட்டுப்போன வீட்டுக்காகத்தான் வழக்கு. பின்பக்கம் அண்ணன் இரண்டு ஷெட் போட்டு லேத் பட்டறைக்கு வாடகைக்கு விட்டிருந்தார். ஆனால் கோர்ட்டில் தாக்கல் செய்த பதிலில், பிரிப்பதற்கு இடமே இல்லாத ஒற்றை வீடு என்று எழுதவைத்தார். அதன் கீழே நானும் கையெழுத்துப் போட்டேன். தினமும் அந்த ஷெட்டுகளைத் தாண்டித்தான் குளிக்கப் போவேன். அப்படிப்பட்ட மனிதன்தான் நானும்.

நீதிபதி ஏமாறவில்லை. கோர்ட் அனுப்பும் வழக்கறிஞர் ஆணையர் ஒருவர் சர்வேயருடன் நேரில் போய் அளந்து, இருப்பதை இருப்பதுபோல் அறிக்கை தரவேண்டும் என்று உத்தரவிட்டார். வராந்தாவுக்கு வந்ததும் அண்ணன் எங்கள் வக்கீலிடம், "அப்பீல் போடு சார். நம்ம வூட்ட அளக்க இவுங்க யாரு?" என்றார்.

வக்கீல் பொறுமைசாலி. "சார், இது தீர்ப்பு இல்ல. கேஸை எப்படி நடத்தணும்னு சொல்ற உத்தரவு. எந்த உத்தரவுக்கெல்லாம் அப்பீல் உண்டுன்னு சட்டத்துல பட்டியலே இருக்கு. இது அதுல இல்ல. பெரிய தப்பு நடந்திருந்தா ஹைகோர்ட்ல சீராய்வு கேக்கலாம். டேப் புடிச்சு அளக்கறது ஒரு தப்பா? தீர்ப்பு எதிரா வந்தா அப்ப அப்பீல் போடலாம். இந்த உத்தரவால தீர்ப்பே கெட்டுப்போச்சுன்னா, அதையும் அதுலயே ஒரு காரணமா சொல்லலாம்."

"போடச் சொன்னா போடறதுதான் வக்கீலு. பாடம் எடுத்துகினு கீறாரு" என்று என்னிடம் முணுமுணுத்த அண்ணன், மறுநாளே வேறொரு வக்கீலைப் பிடித்தார். எதைக் கேட்டாலும் "போட்டுடலாம் சார்" என்பவர் அவர். போட்டார். இந்த மேல்முறையீடு எப்படி ஏற்கத்தக்கது என்ற ஒரே கேள்வியை எழுதி, அப்பீல் காகிதக் கட்டை அப்படியே திருப்பிக் கொடுத்துவிட்டது மேல்கோர்ட் அலுவலகம். தெருவில் மட்டும், "அப்பீல் நடந்துகினு கீது" என்று சொல்லித் திரிந்தார் அண்ணன்.

ஆணையர் வந்த காலையில் அண்ணன் கேட்டைப் பூட்டிவிட்டு, அந்தக் காகிதக் கட்டை மார்போடு அணைத்தபடி உள்ளே நின்றார். ஆணையர் இளம் பெண் வக்கீல். பின்னால் சர்வேயர். ஷேர் ஆட்டோவில் வந்திறங்கிய தங்கை எதிர்ப்பக்கம் வெயிலில் நின்றாள்.

"அளக்கக் கூடாதுன்னு ஸ்டே ஆர்டர் இருக்கா சார்?" என்று கேட்டார் ஆணையர்.

"அப்பீலே போட்டுக்கீறேன். படிச்சுப் பாரும்மா."

ஆணையர் வாங்கிப் பார்த்தார். "அப்பீல் போட்டாலும் தானா ஸ்டே ஆயிடாது சார். இதை கோர்ட்டுல நம்பர் போட்டு எடுத்துக்கவே இல்லையே. திருப்பிக் குடுத்த பேப்பர் இது."

பட்டறை ஆட்கள் சிரித்தார்கள். அண்ணன் முகத்தில் வெட்கம் துளிகூட இல்லை. அதைப் பார்க்க எனக்குத்தான் கூசியது. வீட்டின் பக்கவாட்டில் இருந்த சின்ன கேட்டைத் திறந்தேன்.

"டேய், நீ யாருடா தொறக்க?"

"நானும் பிரதிவாதிதான்" என்றேன்.

அரை மணி நேரத்தில் அளந்து முடித்தார்கள். அறிக்கையில் இரண்டு ஷெட்டுகளும் நீளம் அகலத்தோடு வந்தன. மூவருக்கும் சமபங்கு என்று தீர்ப்பானது.

அண்ணனுக்கு அன்று ஏக சந்தோஷம். இப்போது உண்மையாகவே அப்பீல் போடலாம் அல்லவா? செங்கல்பட்டு மேல்கோர்ட்டில் போட்டார். ஆணையரை அனுப்பியதே தவறு என்பதுதான் முதல் காரணம்.

அங்கே நீதிபதி நிமிர்ந்து, "அந்த உத்தரவால உங்களுக்கு என்ன பாதிப்பு? அறிக்கைல சொன்ன ஷெட் அங்க இல்லையா?" என்று கேட்டார்.

அந்த 'போட்டுடலாம்' வக்கீல் தாள்களைப் புரட்டினார். "இருக்குங்க ஐயா."

"அப்புறம்?"

வக்கீல் தாள்களை அடுக்கிக் கட்டினார். அப்பீல் தள்ளுபடியானது.

கடைசியில் பாகம் பிரித்தபோது, ஷெட்டுகளோடு பின்பக்கம் தங்கைக்குப் போனது. எல்லைக்கல் நட்ட அன்று அவள் பிளாஸ்க்கில் காபி கொண்டுவந்து சர்வேயருக்கும் பட்டறை ஆட்களுக்கும் ஊற்றிக் கொடுத்தாள். அண்ணன் மாடியைவிட்டு இறங்கவில்லை. நான் பக்கத்திலேயேதான் நின்றேன். எனக்கு அவள் ஊற்றவில்லை. நானும் கேட்கவில்லை.