கனடாக்காரியின் சப்பாத்து

எழுபதுகளில் மெல்பேர்ணில் ஒரு பனிச்சறுக்கு அரங்கில், சறுக்குச் சப்பாத்துகளின் அடிக்கத்தியைத் தீட்டும் வேலை எனக்கு. அங்கே வந்துபோன கனடாக்காரி ஒருவர் இன்னும் என் மனதைவிட்டுப் போகவில்லை. அகன்ற தோள், எப்போதோ உடைந்து கோணிய மூக்கு. ஐஸ் ஹொக்கியில் தடுப்பாட்டக்காரி. பாய்ந்து வருபவனின் நெஞ்சில் கண்ணை வைத்தபடி பின்புறமாகவே சறுக்கி, அவனை மூலைக்கு ஒதுக்கிவிடுவார். என்னிடம் விடைபெறும்போதும் இரண்டடி பின்னுக்கு வைத்துவிட்டுத்தான் திரும்புவார்.

பெண்களுக்கு அங்கே அணி இல்லை. ஆண்கள் பயிற்சிக்கு மட்டும் அவரைக் கூப்பிடுவார்கள். இருந்தும் போட்டி நாட்களில் தவறாமல் சப்பாத்தைத் தீட்டக் கொண்டுவருவார்.

"இன்றைக்கு உங்களை விளையாட விடமாட்டார்களே?" என்று ஒருநாள் கேட்டேன்.

"தெரியும். தற்செயலாகக் கூப்பிட்டால்?" என்றார்.

அன்று தடுப்பாட்டக்காரன் ஒருவனுக்குக் கால் முறிந்தது. மாற்றாள் இல்லை. அவர் நாடாவை இறுக்கிக்கொண்டு எழுந்து நின்றார். பயிற்சியாளர் அவரைப் பார்த்தார். பிறகு, ஓராள் குறைவாகவே ஆடச் சொன்னார்.

"அந்த மனுசியை விளையாட விட்டால் என்ன, குறைஞ்சோ போவாங்கள்?" அரங்கின் வாசலில் நுழைவு ரிக்கற் விற்கும் என் யாழ்ப்பாணத்து நண்பன் பொருமினான். "போய்ச் சொல்லு மச்சான்."

"ஆரிட்டைச் சொல்லுறது?" என்றேன்.

தோற்றார்கள். எல்லோரும் போனபின் அவர் சப்பாத்தை என்னிடம் நீட்டினார்.

"நாளைக்குப் பயிற்சி. தீட்டித் தா."

காலையில் நான் வைத்த கூர் அப்படியே இருந்தது. சாணைக்கல்லைச் சுழலவிட்டு, கத்தி அதில் படாமல் பிடித்துக்கொண்டு நின்றேன். உரசும் சத்தம் ஏன் வரவில்லை என்று அவர் கேட்கவில்லை.